வெங்காயம் விற்கிறவன் கதவைச் சாத்தலாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வளர்முக நாடுகளைப் பற்றிச் சென்ற ஞாயிறு உங்கள் பத்திரிகையில் வந்த கட்டுரையைப் படித்தேன். ஏற்றுமதியைக் கூட்டினால் உலகப் பொருளாதாரத்தில் நமக்கும் ஓர் இடம் கிடைத்துவிடும் என்பது அதன் சாரம். எழுதியவர் படித்தவர், குறை சொல்ல நான் யார்? ஆனால் கொழும்பு, புறக்கோட்டை நாலாம் குறுக்குத் தெருவில், ஒரு மொத்த வியாபாரக் கடையில் முப்பத்தெட்டு வருஷம் கணக்கு எழுதியவன் நான். எவ்வளவு விற்கிறோம் என்பதிலேயே அவர் கண் இருக்கிறது. என்ன விற்கிறோம், அது இல்லாவிட்டால் யார் வீட்டில் அடுப்பு எரியாது என்பதை அவர் கேட்கவே இல்லை.

எங்கள் கடைக்குள் வந்து நின்றால் உலகப் படத்தையே பார்த்துவிடலாம். மைசூர்ப் பருப்பு என்று கேட்டு வாங்குகிறோமே, அதற்கும் மைசூருக்கும் சம்பந்தமில்லை. கனடாவிலிருந்தும் அவுஸ்திரேலியாவிலிருந்தும் வருகிறது. உள்ளி, அதாவது பூண்டு, சீனாவிலிருந்து. செத்தல் மிளகாய் இந்தியாவிலிருந்து. சுற்றிலும் கடல் உள்ள இந்த நாட்டுக்கு நெத்தலிக் கருவாடு தாய்லாந்திலிருந்து வருகிறது. முதன்முதலில் அதை இன்வொய்ஸில் பார்த்தபோது யாரோ பிழையாக அடித்துவிட்டார்கள் என்றே நினைத்தேன். பம்பாய் வெங்காயம் மட்டும் பெயருக்குக் கொஞ்சம் விசுவாசமாக இருக்கிறது. மகாராஷ்டிரத்தில் நாசிக் பக்கத்து வெங்காயம். முன்பு தூத்துக்குடித் தோணியில் வந்தது, இப்போது கொள்கலனில் வருகிறது.

அந்த வெங்காயத்தைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

2023 டிசம்பர் 8, வெள்ளிக்கிழமை. காலையில் சாம்பிராணி போட்டு முடித்த நேரம் தூத்துக்குடியிலிருந்து தொலைபேசி. எங்களுக்குச் சரக்கு ஏற்றிவிடுகிற தரகர். "அண்ணாச்சி, ஏற்றுமதிக்குத் தடை போட்டுட்டாங்க. கப்பல்ல ஏறினது வரும், மத்தது வராது" என்றார். இந்தியா போட்ட வெங்காயத் தடை அது. முதலில் மார்ச் 31 வரைக்கும் என்றார்கள், பிறகு அதையும் நீட்டினார்கள். அதற்கு முன்பே ஆகஸ்டில் 40 சதவீத ஏற்றுமதி வரி போட்டிருந்தார்கள், அதையே எப்படிச் சமாளிப்பது என்று தெரியாமல் இருந்தோம். முதலாளி ஒன்றும் பேசவில்லை. பக்கத்தில் இருந்த சீனி மூடை மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

வெங்காய மூடை வந்தால் முதல் வேலை, அதைத் தரையில் கொட்டி அழுகல் பொறுக்குவது. சிவப்பு வலைச் சாக்கை மூடை தூக்குகிற நாட்டாமி கத்தியால் கீறுவான், வெங்காயம் உருண்டோடும், சருகு பறந்து என் பேரேட்டின் மேல்கூட விழும். கையால் அமுக்கிப் பார்த்து, மெத்தென்று இருப்பதை ஒதுக்குவார்கள். ஒதுக்கியதை ஓர் அம்மா வந்து கழிவு விலைக்கு எடுத்துப்போவார். நடைபாதையில் உட்கார்ந்து அழுகல் பகுதியை அரிந்து எறிந்துவிட்டு, மிஞ்சியதைச் சாப்பாட்டுக் கடைகளுக்குக் கொடுப்பார். அந்த ஜனவரியில் அவருக்கு வேலையே இல்லை. பாதி அழுகிய வெங்காயத்தையும் சில்லறைக்காரர்கள் நல்ல விலை கொடுத்து வாங்கிக்கொண்டு போனார்கள். பாகிஸ்தான் வெங்காயம் வந்தது, சீன வெங்காயம் வந்தது. சீன வெங்காயத்தில் ஒன்று கை கொள்ளாது, உள்ளே வெறும் தண்ணீர். கொத்துரொட்டிக் கடைக்காரர் ஒருவர் இரண்டு மூடை எடுத்துப்போய், மறுநாளே திருப்பிக் கொண்டுவந்து தகராறு பண்ணினார்.

இந்தியாமேல் கோபமா என்றால், இல்லை. அவர்களுக்கு அப்போது தேர்தல் வர இருந்தது, டில்லியில் வெங்காய விலை ஏறினால் ஆட்சிக்கே ஆபத்து. தடையால் விலை விழுந்து நாசிக் விவசாயிகளும்தான் தெருவில் இறங்கினார்கள். 2019 செப்டம்பரிலும் இதையே செய்தார்கள், 2020 செப்டம்பரிலும் செய்தார்கள். 2019 தடை வந்த சில நாளில் டில்லிக்குப் போயிருந்த அப்போதைய பங்களாதேஷ் பிரதமர் ஷேக் ஹசீனா, வெங்காயம் போடாமல் சமைக்கச் சொல்லி என் சமையல்காரருக்குச் சொல்லிவிட்டேன் என்று பகிடியாகப் பேசினார். இனிமேல் தடை போடுவதென்றால் முன்கூட்டியே சொல்லுங்கள் என்றும் கேட்டுக்கொண்டார். பதினாறு கோடிப் பேரின் பிரதமரே முன்னறிவித்தல் மட்டும்தான் கேட்க முடிந்தது.

சரி, நாமும் இப்படிச் செய்ய முடியுமா? நம்மிடம் என்ன இருக்கிறது? கறுவா இருக்கிறது. உலகத்தில் அசல் கறுவாவுக்கு நாம்தான் முதலாவது. 2022இல் ஐரோப்பிய ஒன்றியம் இலங்கைக் கறுவாவுக்குப் புவிசார் குறியீடும் கொடுத்தது. அதை நாளைக்கே நிறுத்திப் பார்க்கட்டும். மெக்சிகோக்காரர் கொஞ்சம் முணுமுணுப்பார், மற்றவர்கள் இந்தோனேசியாவிலிருந்தும் வியட்நாமிலிருந்தும் காசியாப் பட்டையை வாங்கிப் போட்டுக்கொண்டு போய்விடுவார்கள். தேயிலையும் அப்படியே. 1883இல் தொடங்கிய கொழும்பு ஏலத்தை ஒரு மாதம் பூட்டினால் வாங்குகிறவர்கள் மொம்பாசா ஏலத்துக்குப் போவார்கள். இது வாய்ப்பேச்சு இல்லை, நடந்து பார்த்ததுதான். 2021இல் அரசாங்கம் ஒரே இரவில் இரசாயன உரத்தை நிறுத்தியது, அடுத்த வருஷம் தேயிலை விளைச்சல் படுத்தது. தோட்டத்துச் சனத்தின் வயிற்றில் அடி விழுந்தது. வெளிநாட்டில் ஒரு கோப்பைத் தேநீராவது குறைந்ததாக நான் கேள்விப்படவில்லை.

உணவு விற்கிற நாடு கதவைச் சாத்தலாம். வாசனையும் ருசியும் உடுப்பும் விற்கிற நாடு சாத்த முடியாது. வாங்குகிறவன்தான் நம் முகத்தில் சாத்துவான். 2025 ஏப்ரலில் அமெரிக்கா நம் சரக்குக்கு 44 சதவீத வரி என்று அறிவித்ததும், இங்கே பதில் வரி போடுவோம் என்று ஒருவரும் வாய் திறக்கவில்லை. ஓடினோம், பேசினோம். 30 ஆனது, பிறகு ஆகஸ்டில் 20 ஆனது. 44ஐப் பார்த்த கண்ணுக்கு 20 சலுகையாகத் தெரிந்தது.

உலக வர்த்தக விதிகளும் இப்படித்தான் எழுதப்பட்டிருக்கின்றன. இறக்குமதி வரிக்கு ஆயிரம் கட்டுப்பாடு. உணவுத் தட்டுப்பாடு என்று காரணம் காட்டி ஏற்றுமதியைத் தற்காலிகமாக நிறுத்துவதற்கோ காட் என்கிற உலக வர்த்தகப் பொது ஒப்பந்தத்திலேயே வாசல் திறந்து வைத்திருக்கிறார்கள்.

நம் கையிலும் ஒருகாலத்தில் ஒரு சாவி இருந்தது. 1952இல் உலகச் சந்தையில் அரிசி கிடைக்கவில்லை, ரப்பர் விலையும் விழுந்துகொண்டிருந்தது. சீனாவுக்கு யாரும் ரப்பர் விற்காதபடி அமெரிக்கா பார்த்துக்கொண்டிருந்த சமயம். வர்த்தக அமைச்சர் ஆர். ஜி. சேனாநாயக்க போய் ரப்பர்–அரிசி ஒப்பந்தத்தை முடித்தார். வருஷம் 50,000 தொன் ரப்பர், பதிலுக்கு 270,000 தொன் அரிசி. ரப்பருக்குச் சந்தையைவிடக் கூடிய விலை. அவர்களுக்கு வேறு வழியில்லாத ஒரு பொருள் அன்று நம்மிடம் இருந்தது, அதனால் நடந்தது. அமெரிக்க உதவி நின்றுபோனது வேறு கதை.

1976 ஓகஸ்டில் கொழும்பில் அணிசேரா நாடுகளின் மாநாடு நடந்தபோது எனக்குப் பதினைந்து வயது. காலிமுகத்திடல் பக்கம் கொடிகளையும் விளக்குகளையும் காட்ட அப்பா எங்களைப் பஸ்ஸில் கூட்டிப்போனார். பண்டாரநாயக்க மண்டபத்துக்குள்ளே புதிய சர்வதேசப் பொருளாதார ஒழுங்கு பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள் என்பதெல்லாம் எனக்குப் பிறகுதான் தெரியும், அன்றைக்குக் கச்சான்கொட்டைதான் ஞாபகம். அந்த நாட்களில் அங்டாட்டின், அதாவது ஐ.நா. வர்த்தக அபிவிருத்தி அமைப்பின், செயலாளர் நாயகம் நம்முடைய காமினி கொரியா. தேயிலை, ரப்பர் போன்ற பண்டங்களுக்குக் கையிருப்பு வைத்து விலை விழாமல் பிடிக்க ஒரு பொது நிதியம் வேண்டும் என்று அவர் ஆண்டுக்கணக்காகப் போராடினார். 1980இல் ஒப்பந்தம் எழுதினார்கள், 1989இல்தான் நடைமுறைக்கு வந்தது. அதற்குள் கையிருப்பு யோசனை செத்துவிட்டது. ஆம்ஸ்டர்டாமில் ஓர் அலுவலகம் மிஞ்சியது.

எல்லாப் பழியையும் வெளியார்மேல் போடவும் எனக்கு மனமில்லை. டொலரை மிச்சம் பிடிக்கிறோம் என்று மஞ்சள் இறக்குமதியை நிறுத்தியது நாம்தான். 2020இல் மஞ்சளுக்குத் தங்கத்தைப்போலக் கள்ளக் கடத்தல் நடந்தது. 2022 தொடக்கத்தில் வங்கியில் டொலர் இல்லாமல் பருப்பும் சீனியும் துறைமுகத்தில் கிடந்தன. கிளியரிங் ஏஜென்ட் தினமும் டெமரேஜ், அதாவது துறைமுகத் தாமதக் கட்டணம், அதன் கணக்கை அனுப்புவார், நான் தினமும் எழுதுவேன். கடைசியில் ஒரு கொள்கலனில் சரக்கின் லாபத்தைவிட டெமரேஜ் கூடியது. அந்த வருஷம் உணவுக்கும் மருந்துக்கும் நூறு கோடி டொலர் கடன் வசதி கொடுத்ததும் இதே இந்தியாதான், அதை மறக்கக் கூடாது.

எங்கள் தெருவும் யோக்கியம் இல்லை. தம்புள்ளையில் பெரிய வெங்காயம் அறுவடையாகிற ஓகஸ்ட், செப்டம்பரில் நாங்கள் இந்திய வெங்காயத்தைக் கொண்டுவந்து குவிப்போம். விலை விழும், விவசாயி அழுவான், அரசாங்கம் அவசரமாக வரியை ஏற்றும். அடுத்த வருஷம் அவன் வேறு பயிருக்குப் போய்விடுவான். பிறகு இந்தியா கதவைச் சாத்தும்போது எங்களுக்கே தம்புள்ளை ஞாபகம் வரும்.

அப்புறம், நான் இந்தக் கடிதம் எழுதக் காரணமான ஒரு விஷயம். மாலைதீவுக்கு அரிசி, சீனி, பருப்பு, முட்டை, உருளைக்கிழங்கு, வெங்காயம் எல்லாம் வருஷத்துக்கு இவ்வளவு என்று இந்தியா ஒதுக்கிக் கொடுக்கிறது. 1981 முதல் இருக்கிற ஏற்பாடு. வெங்காயத் தடை இருந்த 2024 ஏப்ரலிலேயே அந்த வருஷத்துக்கான ஒதுக்கீட்டை அவர்களுக்கு அறிவித்தார்கள். இத்தனைக்கும் அப்போது இரண்டு அரசாங்கத்துக்கும் இடையில் முகம் கொடுத்துப் பேச்சில்லை. அதே ஏப்ரலில் நமக்கும் 10,000 தொன் அனுமதித்தார்கள். ஆனால் அது நாம் கேட்டு, அவர்கள் இரங்கிக் கொடுத்தது. மாலைதீவுக்கு எழுத்தில் இருக்கிறது, நமக்கு இல்லை. 1998இல் இந்தியாவோடு கையெழுத்தான சுதந்திர வர்த்தக ஒப்பந்தம் 2000 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதை விரிவாக்குவது பற்றிப் பேச்சு வருகிறபோதெல்லாம் இரண்டு நாட்டுக்கும் இடையே பாலம், மின்கம்பி, எண்ணெய்க் குழாய் என்கிறார்கள். தடை வந்தாலும் இன்னின்ன உணவுப் பொருள் இவ்வளவு வரும் என்று ஒரு வரி அதில் சேர்க்கச் சொல்லி ஒருவராவது கேட்டிருக்கிறாரா? வர்த்தக அமைச்சில் உங்கள் பத்திரிகையைப் படிக்கிறவர்கள் இருப்பார்கள் என்ற நம்பிக்கையில் எழுதுகிறேன்.

2024 மே 4இல் தடை நீங்கியது. தொன்னுக்குக் குறைந்தது 550 டொலர் விலை, அதற்குமேல் 40 சதவீத வரி என்ற நிபந்தனையோடு. அழுகல் வாங்குகிற அம்மா மறுபடி வரத் தொடங்கினார். நான் ஓய்வு பெற்றுவிட்டேன், ஆனாலும் வெள்ளிக்கிழமைகளில் கடைக்குப் போய்க் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வருவேன். தூத்துக்குடியிலிருந்து தொலைபேசி என்றால் முதலாளி இன்னமும் கதிரையை விட்டு எழுந்து நின்றுதான் பேசுகிறார்.

இப்படிக்கு,
புறக்கோட்டைக் கணக்கப்பிள்ளை
கொட்டாஞ்சேனை, கொழும்பு 13