சேலைக்கும் கொஞ்சம் வேலை கொடுங்கள்

தமிழ்ப் பட இயக்குநர்களுக்கும் உடை வடிவமைப்பாளர்களுக்கும், வணக்கம்.

நான் சேலைக்கு ஃபால்ஸ் (கீழ்க் கரையின் உள்பக்கம் வைக்கும் துணிப்பட்டை) தைத்து, ஓரம் அடித்து, முந்தானைக்குக் குஞ்சம் கட்டித் தருகிறவள். தியேட்டரில் எல்லாரும் நாயகியின் முகத்தைப் பார்த்தால் என் கண் கொசுவத்துக்குப் போய்விடும். சமீபத்தில் ஒரு படம். கதை நடப்பது சுதந்திரத்துக்கு முன்னால். நாயகி படியேறுகிறாள், கரைக்கு உள்பக்கம் பளிச்சென்று ஃபால்ஸ் தெரிகிறது. என் பாட்டி கடைசிவரை ஃபால்ஸ் வைத்துக் கட்டியதே இல்லை.

சரி, அது சின்னத் தவறு, விடுங்கள். என் வருத்தம் வேறு. ஜீன்ஸ் போட்டவள் திருந்தினால் சேலை, கல்யாணம் ஆனால் சேலை, கோயிலுக்குப் போனால் சேலை. பண்பாட்டுச் சுமை மொத்தத்தையும் அதன் தலையில் ஏற்றிவிட்டு, வீட்டில் அதற்கு என்ன வேலை என்பதை மறந்துவிடுகிறீர்கள். எங்கள் வீட்டில் முந்தானையால் பிடித்துத்தான் சோற்றுப் பானையை இறக்குவோம். பிள்ளைக்கு மூக்குத் துடைப்பது அதில், பஸ்ஸுக்குச் சில்லறை முடிவது அதில். நைந்த நூல் சேலை தூளியாகும், அப்புறம் கரித்துணியாகும். உங்கள் படத்து அம்மாக்களோ மடிப்புக் கலையாத சேலையில் தோசை சுடுகிறார்கள். மாவு ஒரு பொட்டுகூடத் தெறிப்பதில்லை.

நடக்காததைக் கேட்கவில்லை. 1968இல் 'பிரம்மச்சாரி' இந்திப் படத்தில் மும்தாஜ் ஆடுவதற்குத் தோதாக, உடை வடிவமைப்பாளர் பானு அத்தையா ஜிப் வைத்துச் சேலையைத் தைத்தே கொடுத்தார். 'அவ்வை சண்முகி'யில் (1996) கமல்ஹாசன் கட்டிய மடிசாரின் கச்சிதம் நம் நாயகிகள் பலருக்கு வாய்க்கவில்லை. சிரிக்காதீர்கள், தொழில்காரி சொல்கிறேன். 'காஞ்சிவரம்' (2008) முடிவில் பாதி நெய்த பட்டுச் சேலையைத் தறியிலிருந்து அறுத்து, இறந்த மகள் உடல்மேல் போர்த்தி, முகத்துக்கு இழுத்தால் காலுக்கு எட்டாமல் நெசவாளியாக வரும் பிரகாஷ்ராஜ் தவிப்பாரே! துணி சில முழம் குறைகிறது, அவ்வளவுதான். எனக்கு அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை.

அடுத்த படத்தில் அம்மா வேடத்துக்கு வாங்கும் சேலைகளை நாலு தடவை துவைத்துக் கொடியில் காயப் போடுங்கள். நடிகையை ஒரு வாரம் வீட்டில் கட்டச் சொல்லுங்கள். ஃபால்ஸ் வேண்டுமென்றால் தைத்துத் தருகிறேன். பழைய காலத்துக் கதையென்றால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள், பிரித்துத் தருகிறேன்.

இப்படிக்கு,
தையல் மெஷின் முன்னாலிருந்து ஒரு ரசிகை