கடலோவியமும் கடற்காட்சியும் ஒன்றல்ல: அகராதித் தொகுப்பாளர்களுக்கு ஒரு திறந்த மடல்

ஆங்கிலம்–தமிழ் அகராதிகளையும் நுண்கலைக் கலைச்சொற் பட்டியல்களையும் தொகுத்துவரும் அறிஞர் பெருமக்களுக்கு,

வணக்கம்.

ஒரே ஒரு சொல்லுக்காக இந்த மடலை எழுதுகிறேன். அது ஆங்கிலத்திலேயே இன்று வழக்கு அருகிவிட்ட ‘சீ-பீஸ்’ என்ற சொல். கடலையும் கலங்களையும் தீட்டிய ஓவியத்தை 17, 18ஆம் நூற்றாண்டு ஆங்கிலேயர்கள் இப்படித்தான் அழைத்தார்கள். வழக்கொழிந்த சொல்லுக்கு எதற்குத் தனிப்பதிவு என்று நீங்கள் நினைக்கக்கூடும். ஆனால் ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகப் பேச்சில் மங்கிவந்த சொல், பழைய ஏலப் பட்டியல்களிலும் கடிதங்களிலும் அருங்காட்சியக விளக்கங்களிலும் அப்படியே நிலைத்திருக்கிறது. அவற்றைத் தமிழாக்க உட்காருபவருக்குத்தான் அகராதி தேவைப்படுகிறது. நாள்தோறும் புழங்கும் சொல்லுக்கு அவர் அகராதியைப் புரட்டுவதில்லை.

முதலில் என் தவறையே சொல்லிவிடுகிறேன். பழைய ஓவிய விற்பனைப் பட்டியல் ஒன்றைச் சில ஆண்டுகளுக்கு முன் மொழிபெயர்த்தேன். அதில் ‘சீ-பீஸ் ஒன்று, அதன் இணையும்’ என்ற பொருளில் ஒரு வரி வந்தது. என் மேசையில் இருந்த சிறிய அகராதியில் அந்தச் சொல் இல்லை. ‘சீ’ என்றால் கடல், ‘பீஸ்’ என்றால் துண்டு அல்லது பகுதி என்று கூட்டிக் கழித்துக் ‘கடற்பகுதி’ என்று எழுதிவிட்டேன். மெய்ப்புப் பார்த்த நண்பர் ஓரத்தில், “கடற்பகுதியை யார் ஏலம் விடுவார்கள்?” என்று பென்சிலால் கேட்டிருந்தார். வெட்கப்பட்டுக் ‘கடற்காட்சி’ என்று திருத்தினேன். அந்தத் திருத்தமும் தவறு என்பது எனக்கு வெகுநாள் கழித்தே தெரிந்தது. முதல் பிழையை எவரும் கண்டுபிடித்துவிடுவார்கள். இரண்டாவது பிழை சரிபோலவே தோன்றுவதால் அச்சில் நிலைத்துவிடுகிறது. என் முறையீடு அந்த இரண்டாவது பிழையைப் பற்றியது.

இந்தச் சொல்லில் உள்ள ‘பீஸ்’ துண்டைக் குறிக்கவில்லை. கலைஞன் செய்து முடித்த, தனியாக எண்ணத்தக்க ஒரு படைப்பை அது குறிக்கிறது. கச்சேரியில் பாடகர் பாடும் கீர்த்தனையையும் நாட்டிய மேடையில் ஆடப்படும் வர்ணத்தையும் நாம் ‘உருப்படி’ என்கிறோமே, ஏறக்குறைய அதே பொருள்தான். (சலவைக்குப் போடும் துணியையும் உருப்படிக் கணக்கில்தான் எண்ணுகிறோம், ஆங்கிலத்து ‘பீஸ்’ என்ற சொல்லுக்கும் இதே இரட்டை வாழ்க்கை உண்டு.) ஓவிய வணிகர்களும் ஓவியங்களை வாங்கிச் சேர்த்தவர்களும் பூக்களைத் தீட்டிய படத்தைப் ‘ஃபிளவர்-பீஸ்’ என்றார்கள், இரவைத் தீட்டியதை ‘நைட்-பீஸ்’ என்றும், போரைத் தீட்டியதைப் ‘பேட்டில்-பீஸ்’ என்றும் அழைத்தார்கள். குடும்பத்தாரோ நண்பர்களோ கூடியிருக்கும் படத்துக்குக் ‘கான்வர்சேஷன் பீஸ்’ என்று பெயர். விருந்தினரைப் பேசவைக்கும் அலங்காரப் பொருள் என்ற புதுப்பொருளை ஏற்றுக்கொண்டு அந்த ஒரு சொல் மட்டும் இன்றும் நன்றாகப் புழங்குகிறது. கடலுக்குரிய சொல்லுக்கு அப்படியொரு மறுவாழ்வு வாய்க்கவில்லை.

1828இல் வெளிவந்த வெப்ஸ்டரின் அகராதி, இந்தச் சொல்லுக்குக் ‘கடலில் நிகழும் ஒரு காட்சியைக் காட்டும் படம்’ என்று ஒரே வரியில் பொருள் சொல்கிறது. அந்த வரியில் இரண்டு செய்திகளைக் கவனிக்க வேண்டும். ஒன்று, இது படத்தின் பெயர். கண்முன் விரியும் நீர்ப்பரப்பின் பெயரன்று. மற்றொன்று, ‘கடலில்’ என்ற வேற்றுமை. கரையில் நின்று பார்க்கும் கடலைவிட, கடலின்மேல் நடப்பதுதான் இவ்வகைப் படத்தின் உள்ளடக்கம்.

வெறும் சொல்லாராய்ச்சியாக இது நின்றுவிடக் கூடாது என்பதால், இந்தப் படங்களை வரைந்தவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். கடலும் கலங்களும் தனியொரு ஓவியத் துறையாக வளர்ந்தது 17ஆம் நூற்றாண்டின் ஹாலந்தில்தான். அதற்கு அடிகோலியவர் என்று ஹார்லெம் நகரத்து ஹென்ட்ரிக் வ்ரூமைச் சொல்வார்கள். அடுத்த தலைமுறைகளில் வந்த வில்லெம் வான் டி வெல்டே என்ற ஒரே பெயர் கொண்ட தந்தையும் மகனும் இந்தக் கலையை உச்சிக்குக் கொண்டுபோனார்கள். தந்தை சிறு கலத்தில் ஏறி, போரிடும் கப்பற்படைகளுக்கு அருகிலேயே சென்று, குண்டுகள் பறக்கும்போதே கோட்டோவியம் தீட்டிய மனிதர். 1672ஆம் ஆண்டின் இறுதியையொட்டி இருவரும் இங்கிலாந்துக்குக் குடிபெயர்ந்தார்கள். அப்போது தங்கள் நாட்டோடு போரிட்டுக்கொண்டிருந்த இங்கிலாந்து மன்னன் இரண்டாம் சார்லஸே அவர்களுக்குக் கிரீனிச்சில் உள்ள அரசியின் மாளிகையில் பட்டறை அமைக்க இடம் கொடுத்தான். இருவருக்கும் ஆளுக்கு ஆண்டுக்கு 100 பவுண்டு சம்பளம் என்று 1674இல் ஆணை பிறந்தது. கடற்போர்களைக் கோட்டோவியமாகப் பதிவது தந்தையின் வேலை. அந்தக் கோடுகளுக்கு வண்ணம் சேர்த்து ஓவியமாக்குவது மகனின் வேலை. எந்தக் கப்பல் எந்தப் பக்கம் திரும்பியது, எந்தப் பாய் கிழிந்தது, காற்று எங்கிருந்து வீசியது என்று ஒரு மாலுமி பார்த்துச் சரி என்று சொல்லத்தக்க விவரங்களோடு அமைந்த படங்கள் அவை. ஆங்கிலேயர்கள் ‘சீ-பீஸ்’ என்று சொன்னபோது அவர்கள் மனத்தில் எழுந்தது இப்படிப்பட்ட ஓவியம்தான்.

இந்தச் சொல் இன்றும் ஓர் ஓவியத்தின் பெயரிலேயே ஒட்டிக்கொண்டிருக்கிறது. பிரிட்ஜ்வாட்டர் கோமகன் தன்னிடமிருந்த இளைய வான் டி வெல்டேயின் ஓவியம் ஒன்றுக்கு இணையாக மாட்ட மற்றொரு ஓவியம் வேண்டும் என்று ஆங்கில ஓவியர் டர்னரிடம் கேட்டார். டர்னர் தீட்டிக் கொடுத்த படம் 1801இல் லண்டன் ராயல் அகாடமியில் காட்சிக்கு வந்தது. அப்போது அவருக்கு வயது 26. பெருங்காற்றில் டச்சுப் படகுகள் என்று தொடங்கி, மீனவர்கள் தங்கள் மீனைக் கப்பலில் ஏற்ற முயல்வதையும் சொல்லும் நீண்ட தலைப்பு அதற்கு உண்டு. ஆனால் அதை எல்லாரும் ‘பிரிட்ஜ்வாட்டர் சீ-பீஸ்’ என்றே குறிப்பிடுகிறார்கள். கறுத்த வானத்தின் கீழ் இரண்டு படகுகள் ஒன்றன்மேல் ஒன்று மோதிவிடுமோ என்ற தொலைவில் நெருங்குகின்றன. மோதுவதற்கு முந்தைய நொடியில் ஓவியம் உறைந்து நிற்கிறது. அடுத்த ஆண்டு அவர் காட்சிக்கு வைத்த, நங்கூரமிடுவதற்காகக் கப்பல்கள் திரும்பும் படம் எக்ரிமான்ட் பிரபுவின் கைக்குப் போனது. அதையும் ‘எக்ரிமான்ட் சீ-பீஸ்’ என்கிறார்கள். இந்தப் பெயர்களில் முதலில் வருவது உடைமையாளரின் பெயர். அவருடைய சுவரில் மாட்டப்பட்ட ஓர் உருப்படி என்பதால்தான் அப்படி அமைகிறது. ‘பிரிட்ஜ்வாட்டர் கடற்காட்சி’ என்று தமிழில் எழுதிப் பாருங்கள்: பிரிட்ஜ்வாட்டர் என்ற ஊரின் கடற்கரையிலிருந்து தெரியும் காட்சி என்றுதான் வாசகர் கொள்வார். அந்தப் பெயரில் ஆங்கில நாட்டில் ஓர் ஊரும் இருப்பதால் குழப்பம் இன்னும் கூடும்.

இனி, இந்தச் சொல்லின் இடத்தைப் பிடித்துக்கொண்ட ‘சீஸ்கேப்’ பற்றியும் சொல்ல வேண்டியிருக்கிறது. நிலக்காட்சியைக் குறிக்கும் டச்சு மொழியின் ‘லாண்ட்ஸ்காப்’ ஆங்கிலத்துக்கு வந்து ‘லேண்ட்ஸ்கேப்’ ஆயிற்று. அதன் பின்பாதி, நம் ‘ஆண்மை’, ‘பெண்மை’ போன்ற சொற்களின் ‘மை’யைப் போல ஒரு வெறும் விகுதி. 18ஆம் நூற்றாண்டின் முடிவில் யாரோ அந்த விகுதியைத் தனிச்சொல்லைப் போல வெட்டியெடுத்துக் கடலோடு ஒட்டினார்கள். இலக்கணப்படி அது ஒரு கோணல்தான். ஆனாலும் ஒட்டுப்போட்ட சொல் ஓங்கி வளர்ந்தது; நகரத்துக்கும் நிலாவுக்கும்கூட இன்று அதே வாலை ஒட்டுகிறார்கள். மொழி எப்போதும் இலக்கண ஆசிரியரைக் கேட்டுக்கொண்டு நடப்பதில்லை என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

சொல் மாறிய காலத்தில் ஓவியமும் மாறியது என்பது என் கருத்து. 19ஆம் நூற்றாண்டில் ஓவியர்கள் கப்பலை மெல்ல மெல்லப் பின்னுக்குத் தள்ளிவிட்டு அலையையும் ஒளியையும் வானத்தையும் முன்னுக்குக் கொண்டுவந்தார்கள். பிரான்சின் கூர்பே 1869இல் நார்மண்டிக் கரையில் இருந்து வரைந்த அலைகளைப் பாருங்கள். தம் கடல் படங்களை அவர் ‘கடலின் நிலக்காட்சிகள்’ என்ற பொருள்படும் தொடராலேயே அழைத்தார். அப்படிப்பட்ட படத்துக்குக் ‘கடற்காட்சி’ என்ற தமிழ்ச்சொல் அழகாகப் பொருந்தும். நம் பொருளிலக்கணத்தை இரவல் வாங்கிச் சொல்வதானால், நிலமும் பொழுதும் ஆகிய முதற்பொருளே கடற்காட்சிக்குப் போதும். பழைய ‘சீ-பீஸ்’ ஓவியத்துக்கு அது போதாது. படகு, பாய், வலை, கொடி, பீரங்கி என்ற கருப்பொருள்கள் வேண்டும். தப்பிப்பது, மோதுவது, காத்திருப்பது, வெல்வது என்று அவற்றின் நடுவே மனிதர்க்கு நேரும் ஏதாவது ஒன்றும் வேண்டும்.

அதோடு, ‘சீஸ்கேப்’ ஓவியத்தை மட்டுமல்லாமல் நேரில் காணும் கடலின் தோற்றத்தையும் குறிக்கும். நம் ‘கடற்காட்சி’யும் அப்படியே. இங்கே ஒரு வேடிக்கையை ஒதுக்குப்புறமாகச் சொல்லலாம். நம் வீடுகளில் ‘சீனரி’ என்றால் சுவரில் மாட்டும் இயற்கைக் காட்சிப் படம். பள்ளிக்கூடத்தில் “ஒரு சீனரி வரை” என்றால் பிள்ளை உடனே இரண்டு மலை, நடுவில் சூரியன், ஓர் ஓடை, ஒரு தென்னை என்று வரைந்துவிடும். ஆங்கிலத்தில் நிலத்தின் தோற்றத்தைக் குறிக்கும் சொல்லை எடுத்து, படத்துக்குப் பெயராக நாமே மாற்றிக்கொண்டோம். தோற்றத்துக்கும் படத்துக்கும் தனித்தனிச் சொல் வேண்டும் என்ற உணர்வு பேச்சுத் தமிழுக்கு உண்டு என்பதற்கு இதைவிட என்ன சான்று வேண்டும்? எழுத்துத் தமிழில்தான் நாம் இரண்டையும் ‘காட்சி’ என்ற ஒரே பைக்குள் போட்டுக் கட்டுகிறோம்.

‘சீ-பீஸ்’ பழைய சொல் என்ற குறிப்பு ஆங்கிலத்துக்கு மட்டுமே பொருந்தும் என்பதைப் பதிவில் சேர்த்தால் நல்லது. டச்சு மொழியின் ‘ஸேஸ்டுக்’, ஜெர்மன் மொழியின் ‘ஸேஷ்டுக்’ இரண்டும் அதே அமைப்பில் பிறந்தவை. இரண்டும் இன்றும் வழக்கில் உள்ளவை. ஜெர்மன் ஓவியர் கெர்ஹார்ட் ரிஷ்டர் 1960களின் பிற்பகுதியில் தொடங்கித் தீட்டிய கடல் ஓவியங்களுக்கு அந்தச் சொல்லையே தலைப்பாக வைத்தார். கப்பலே இல்லாத அந்தப் படங்களுக்குப் பழைய சொல்லை அவர் வேண்டுமென்றே வைத்திருக்கலாம் என்று எனக்குத் தோன்றும். எப்படியாயினும், ஜெர்மன் மூலத்தில் வரும் சொல்லை ஆங்கிலம் வழியாக மொழிபெயர்ப்பவர் ‘பழைய வழக்கு’ என்ற குறிப்பைக் கண்டு, தேவையில்லாத பழந்தமிழ்ச் சொல்லைத் தேடி அலைய வேண்டாம்.

இன்னொரு பொறியும் உண்டு. அமெரிக்க இசையமைப்பாளர் எட்வர்ட் மெக்டவல் 1898இல் பியானோவுக்காக எழுதிய எட்டு உருப்படிகளின் தொகுப்புக்கும் இதே சொல்லின் பன்மைதான் தலைப்பு. அங்கே தூரிகைக்கு வேலையில்லை. ஆகவே, ‘ஓவியம்’ என்பதோடு நிறுத்திக்கொள்ளாமல் ‘இசையில்: கடலைப் பொருளாகக் கொண்ட சிறு உருப்படி’ என்றும் ஒரு வரி சேர்க்க வேண்டுகிறேன்.

இவற்றையெல்லாம் எண்ணிப் பார்த்து, ‘சீ-பீஸ்’ என்பதற்குக் ‘கடலோவியம்’ என்ற சொல்லை முன்வைக்கிறேன். புதிதாகப் புனைந்ததன்று, கேட்டவுடன் எவருக்கும் பொருள் விளங்கும், முக்கியமாக, கடற்கரையில் நின்று பார்க்கும் எதையும் இந்தச் சொல்லால் தவறியும் குறிக்க முடியாது. ‘கடற்காட்சி’ என்பதைச் ‘சீஸ்கேப்’ என்ற சொல்லுக்கே ஒதுக்கிவிடலாம். ‘கடல்சார் ஓவியம்’ என்ற தொடரைச் சிலர் விரும்புவார்கள். ஆனால் அதை முழுத் துறைக்கும் பொதுப்பெயராக வைத்துக்கொள்வதே பொருத்தம். துறைமுகக் காட்சிகளும், ஒரே ஒரு கப்பலை ஆளைப் படமெடுப்பதுபோல் பக்கவாட்டில் வரைந்த கப்பற்படங்களும் அந்தத் துறைக்குள் அடங்கும். அவற்றையெல்லாம் கடலோவியம் என்றுவிட முடியாது.

பதிவு ஏறக்குறைய இப்படி அமையலாம்: ‘சீ-பீஸ், பெயர்ச்சொல், ஆங்கிலத்தில் பழைய வழக்கு: கடலோவியம், கலங்களையும் கடலில் நிகழ்வனவற்றையும் பொருளாகக் கொண்ட ஓவியம். கடற்காட்சி என்பதோடு ஒப்பிடுக.’ எடுத்துக்காட்டாக ஒரு தொடர் தேவைப்பட்டால், டர்னரின் ‘பிரிட்ஜ்வாட்டர் கடலோவியம்’ இருக்கிறது. உங்கள் குழு வேறு நல்ல சொல்லைத் தேர்ந்தால் அதையே மகிழ்ச்சியோடு ஏற்றுக்கொள்வேன். ‘காட்சி’ என்று முடியாத எந்தச் சொல்லும் எனக்குச் சம்மதமே. அடுத்த பதிப்புக்கான திருத்தங்கள் அச்சுக்குப் போகுமுன் இந்த வேண்டுகோள் உங்கள் கைக்கு வந்து சேரும் என்று நம்புகிறேன்.

தங்கள் உண்மையுள்ள,
ஒரு மொழிபெயர்ப்பாளர்