விருதுக்குப் பிறகு ஆக வேண்டியவை: கேரளப் பண்பாட்டுத் துறைக்கு ஒரு திறந்த மடல்

கேரள அரசின் பண்பாட்டுத் துறை அதிகாரிகளுக்கு,

வணக்கம். பாலக்காடு மாவட்டத்து அட்டப்பாடியில் நக்குப்பதி ஊரைச் சேர்ந்த இருளர் பாடகி நஞ்சியம்மா, 'அய்யப்பனும் கோஷியும்' படத்தில் தம் மொழியிலேயே பாடிய பாட்டுக்காக, 2020ஆம் ஆண்டுக்கான சிறந்த பின்னணிப் பாடகி என்ற தேசிய விருதை 2022இல் பெற்றார். முறையாகச் சங்கீதம் பயிலாதவருக்கு இவ்விருதா என்று அப்போது எழுந்த சர்ச்சையை நான் மறுபடியும் கிளறப் போவதில்லை. ஆடுமாடு மேய்த்துக்கொண்டே பெரியவர்களின் பாட்டைக் கேட்டுக் கேட்டு மனத்தில் ஏற்றிக்கொள்வதும் பயிற்சிதான் என்பதை மட்டும் சொல்லிவைக்கிறேன்.

என் கவலை வேறு. இருளர் ஊர்களில் பாட்டு தனியாக வாழ்வதில்லை. பொறை என்ற தோற்கருவியும் தவிலும் முழங்க, கொகல் என்ற குழல் கூடவே ஒலிக்க, வட்டமாகச் சுற்றி ஆடுகிறவர்களோடு சேர்ந்துதான் அது பாட்டாகிறது. விளைச்சலுக்கு மட்டுமல்ல, இழவுக்கும் அங்கே கொட்டும் ஆட்டமும் உண்டு. அதிலிருந்து இரண்டு அடிகளை மட்டும் பிய்த்தெடுத்து, சிறப்பு விருந்தினர் வந்து அமரும்வரை ஐந்து நிமிட வரவேற்பாக நடத்திவிட்டு, பழங்குடிக் கலையைக் காத்துவிட்டோம் என்று அறிக்கை எழுதுவது எந்த விழாக் குழுவுக்கும் எளிது. நேரத்தை ஆடிப்பாடும் கலைஞர்களே முடிவு செய்யட்டும். எந்தப் பாட்டு மேடைக்கு உரியது, எது ஊரோடு இருக்க வேண்டியது என்பதையும் அவர்களே சொல்லட்டும்.

ஒலிப்பதிவு விஷயத்தில் இன்னும் கவனம் வேண்டும். பதிப்புரிமைச் சட்டம் நிகழ்த்துகலைஞருக்கு 50 ஆண்டுக்கால உரிமை தருகிறது. 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டமும், பண்பாட்டுப் பன்மையோடு தொடர்புடைய மரபறிவின் மீதும் அறிவுசார் சொத்தின் மீதும் சமூக உரிமையை ஏற்கிறது. ஆனால் கைப்பேசியை நீட்டிப் பதிவு செய்துகொண்டு போகிறவர், பாடிய மூதாட்டியின் பெயரைக்கூடக் கேட்பதில்லை. பிறகு அது 'நாட்டுப்பாடல்' என்ற பொதுப்பெயரில் யாருடைய இசைத்தொகுப்பிலோ ஏறிவிடுகிறது. ஆகவே உங்கள் துறையின் நிதியில் எடுக்கப்படும் ஒவ்வொரு பதிவிலும் பாடியவர், ஊர், பாடும் தறுவாய் ஆகிய மூன்றும் குறிக்கப்பட வேண்டும் என்றும், ஒரு பிரதி ஊர்த் தலைவரான மூப்பனிடமும் ஊராரிடமும் சேர வேண்டும் என்றும், வணிகப் பயன்பாட்டுக்கு முன் அவர்களுடைய ஒப்புதல் பெறப்பட வேண்டும் என்றும் விதி வகுக்கக் கோருகிறேன்.

இவையெல்லாம் இருந்தாலும், பேரப்பிள்ளைகள் இருளர் மொழியை விட்டுவிட்டால் பதிவுகளைக் கேட்டுப் புரிந்துகொள்ள ஆளிருக்காது. அட்டப்பாடிப் பள்ளிகளில் இருளர், முடுகர், குறும்பர் மூத்த கலைஞர்களை, ஆண்டுவிழாவுக்கு மட்டும் அழைக்காமல், மாத ஊதியம் பெறும் கலையாசிரியர்களாக நியமிக்கக் கல்வித் துறையோடு பேசுங்கள். எழுதப் படிக்கத் தெரியவில்லை என்பதை அந்த நியமனத்துக்குத் தடையாக்காதீர்கள்.

இப்படிக்கு,
இருளர் இசையைக் கேட்டுவரும் கோவைவாசி ஒருவர்