செயலாளரின் ஆண்டறிக்கை: ராமசாமிக்கு ஒரு நாள்

தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

நம் கிரிக்கெட் கிளப்பின் லீக் ஆட்டங்களைப் பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. கீழ்ப் பிரிவுக்கு இறங்காமல் தப்பித்தோம், அவ்வளவுதான். மழையில் நனைந்த மேட்டிங்கை (ஆடுகளத்தில் விரிக்கும் பாய்) மடித்தபடியே வைத்துவிட்டதில் பூஞ்சை பிடித்துவிட்டது. தவறு என்னுடையது.

இந்த ஆண்டு செயற்குழு அதிக நேரம் பேசியது அந்தக் கால டெஸ்ட் ஆட்டக்காரர் கோட்டா ராமசாமியைப் பற்றித்தான். அவருக்கு ஒரு நினைவு நாள் வைக்கலாம் என்று போன பொதுக்குழுவில் முடிவானது. சரி, எந்த நாள்? அங்கேதான் சிக்கல்.

1985 அக்டோபரில் ஒரு நாள் அடையாறு வீட்டிலிருந்து கிளம்பியவர் திரும்பவே இல்லை. அப்போது அவருக்கு 89 வயது. 1990 ஜனவரியில் இறந்ததாகக் கொள்ளலாம் என்று பதிவேடுகள் எழுதிவைத்திருக்கின்றன. திதி தெரியாதவர்களுக்கு மகாளய அமாவாசைதானே என்றார் மூத்த உறுப்பினர் ஒருவர். கிளம்பிப்போன தேதியையே வைக்கலாம் என்றார் இன்னொருவர். வீட்டைவிட்டுப் போன நாளுக்கு விழா எடுக்க எனக்கு மனம் வரவில்லை.

இளைய உறுப்பினர்கள் சிலர் ராமசாமி யாரென்று கேட்டார்கள். புச்சிபாபு கிரிக்கெட் கோப்பை தெரியும், அந்தப் புச்சிபாபுவின் மகனான ராமசாமியைத் தெரியாது! சேப்பாக்கத்தில் வெள்ளைக்காரர்கள் பெவிலியனில் உட்கார்ந்து சாப்பிட, இந்திய ஆட்டக்காரர்கள் மரத்தடியில் சாப்பிட்ட காலம் அது. அது பொறுக்காமல்தான் புச்சிபாபு 1888இல் மெட்ராஸ் யுனைடெட் கிளப்பைத் தொடங்கினார், ஆட்டக்காரர்களுக்குக் கைக்காசில் மட்டையும் உடுப்பும் வாங்கித் தந்தார். இந்தியர்களும் ஐரோப்பியர்களும் மோதும் மாகாண ஆட்டத்துக்கு ஏற்பாடு செய்துவிட்டு, அதைப் பார்க்காமலே 1908இல் காலமானார். தாய்வழிக் குடும்பத்துக்குத் தத்துப் போனதால் ராமசாமியின் பெயருக்கு முன் கோட்டா சேர்ந்தது. அந்த மாகாண ஆட்டம் 1915–16இல் முதல்தர அந்தஸ்து பெற்றபோது அவரும் அதில் ஆடினார்.

சம்பளத்துக்கு ஆடியவரில்லை; வேளாண்மைத் துறை அதிகாரி. கேம்பிரிட்ஜில் படித்தபோது பெயர் வாங்கியது டென்னிஸில். 1922இல் இந்தியாவுக்காக டேவிஸ் கோப்பையும் ஆடினார். இந்தியாவுக்காகக் கிரிக்கெட் டெஸ்ட் ஆட இன்னும் 14 ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

1936 ஜூலை 25, இங்கிலாந்தின் மான்செஸ்டரில் அவருடைய முதல் டெஸ்ட். வயது 40. நம்மில் பலர் முட்டிவலி என்று ஸ்கோர் எழுத உட்கார்ந்துவிடும் வயது. இந்த இடது கை ஆட்டக்காரர் முதல் இன்னிங்ஸில் 40, இரண்டாவதில் 60 அடித்தார். விஜய் மெர்ச்சன்டும் முஷ்டாக் அலியும் முதல் விக்கெட்டுக்கு 203 சேர்த்த ஆட்டம் என்பதால் இவருடைய ரன்களை யாரும் பேசுவதில்லை. அடுத்த டெஸ்டில், லண்டன் ஓவல் மைதானத்தில் 29, ஆட்டமிழக்காமல் 41. இரண்டே டெஸ்ட், சராசரி 56.66.

ஆகவே ஜூலை 25 என்று முடிவு செய்தோம். அன்று 40 வயது தாண்டியவர்களுக்கு மட்டும் ஓர் ஆட்டம் வைத்தோம். செயலாளர் இரண்டாவது பந்திலேயே போல்டு என்பதையும் இங்கே பதிவு செய்யச் சொல்லித் தலைவர் உத்தரவு. அப்புறம் பஜ்ஜி, காபி. மழை ஒதுங்கியே இருந்தது.

அடுத்த ஜூலைக்குள் புது மேட்டிங் வாங்கியாக வேண்டும். அதற்கான தொகையைப் பொருளாளர் தன் கணக்கறிக்கையில் சொல்வார்.

இப்படிக்கு,
செயலாளர்