இறுதிப் பெயர்ப் பட்டியலை முழுதாக ஓடவிடுங்கள்

ஓடிடி தளங்களின் நிர்வாகிகளுக்கு,

வணக்கம். படம் முடிந்து பெயர்கள் வரத் தொடங்கியதும் திரையை ஒரு மூலைக்குச் சுருக்கிவிட்டு அடுத்த படத்தை ஓடவிடும் உங்கள் ஏற்பாட்டை நான் உங்களுக்கே விளக்க வேண்டியதில்லை. கலை இயக்க உதவியாளனாக நான் பணியாற்றிய படம் அண்மையில் ஒரு தளத்தில் வெளியானது. என் பெயரைப் பார்க்கக் காத்திருந்த அம்மாவுக்கு வேறொரு படத்தின் சண்டைக்காட்சிதான் கிடைத்தது.

ஜோ ஜான்ஸ்டன் என்றதும் உங்கள் தளங்கள் ‘ஜுமாஞ்சி’ (1995), ‘கேப்டன் அமெரிக்கா’ (2011) ஆகிய படங்களின் இயக்குநர் என்று மட்டுமே சொல்லும். ஆனால் 1977இல் வெளிவந்த ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் விண்கலங்களை வரைந்து வடிவமைத்தவர்களில் ஒருவராகத் தொடங்கி, அதன் அடுத்த பாகத்தில் விஎஃப்எக்ஸ் எனப்படும் காட்சி விளைவுகள் பிரிவின் கலை இயக்குநராகி, ‘ரெய்டர்ஸ் ஆஃப் தி லாஸ்ட் ஆர்க்’ படத்தின் காட்சி விளைவுகளுக்காக மற்ற மூவருடன் ஆஸ்கரும் பெற்று, அதன் பிறகு திரைப்படக் கல்லூரிக்குப் போய், 1989இல்தான் அவர் முதல் படத்தை இயக்கினார். இத்தனை ஆண்டு உழைப்பும் பதிவாகியிருப்பது நீங்கள் சுருக்கி மறைக்கும் அந்தப் பட்டியல்களில்தான்.

விஎஃப்எக்ஸ் கலைஞர்களின் நிலை இன்னும் கடினம். தாங்கள் செய்த காட்சியை அனுமதியின்றி வெளியே காட்டக் கூடாது என்று ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டிருப்பதால், அடுத்த வேலை கேட்டுச் செல்லும்போது அவர்களிடம் எஞ்சும் பொதுச் சான்று பட்டியலில் உள்ள ஒரு வரிதான். அதைக் கண்ணுக்குத் தெரியாத அளவுக்குச் சுருக்குவது யாருக்கு என்ன லாபம் தருகிறதோ, எனக்கு விளங்கவில்லை. பட்டியல் முழுத்திரையில் முழுதாக ஓட வேண்டும் என்பதே எங்கள் கோரிக்கை.

தயாரிப்பாளர்களும் குற்றமற்றவர்கள் அல்லர். பல படங்களில் ஸ்டூடியோவின் பெயர் மட்டும் வருகிறது, அங்கே இரவெல்லாம் கண்விழித்தவர்களின் பெயர்கள் வருவதில்லை. நடிகரின் உடற்பயிற்சியாளருக்கும் நன்றி சொல்ல இடமிருக்கும் பட்டியலில் இவர்களுக்கு மட்டும் இடம் போதவில்லை போலும். ஆனால் அதை அவர்களிடம் தனியே கேட்கிறோம். எழுதப்பட்ட பெயர்களையாவது காட்டுங்கள் என்பதுதான் உங்களிடம் கேட்பது.

பட்டியலைத் தாண்டிச் செல்ல விரும்புபவர் பொத்தானை அழுத்திச் செல்லட்டும். பார்க்க விரும்புபவரை ரிமோட்டைத் தேடி ஓடவைக்காதீர்கள். அடுத்த படம் தானாகத் தொடங்குவதை நிறுத்தி, இறுதிப் பெயர்ப் பட்டியலை முழுத்திரையில் ஓடவிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
கலை இயக்க உதவியாளன் ஒருவன்,
சென்னை