ஒன்பது சுற்று ஆட ஓர் இடம் வேண்டும்

ஆசிரியர் அவர்கட்கு,

உங்கள் ஞாயிறு இதழின் விளையாட்டுப் பக்கத்தில் சதுரங்கத்தின் மிக உயர்ந்த பட்டமான கிராண்ட்மாஸ்டர் பட்டத்தைப் பெற்ற தமிழ்நாட்டு வீரர்களைப் பற்றி வெளிவந்த சிறப்புக் கட்டுரையை வாசித்தேன். படங்கள் அழகாக இருந்தன. ஆனால் கட்டுரை முழுவதும் வயதுக் கணக்காகவே ஓடியது. குகேஷ் 12 வயதும் 7 மாதங்களும் 17 நாட்களும் ஆனபோது பட்டம் பெற்றார், பிரக்ஞானந்தா 12 வயதும் 10 மாதங்களும் ஆனபோது பெற்றார், குகேஷ் 18 வயதில் உலக சம்பியனும் ஆனார். தகவல்களில் பிழையில்லை. ஆனால் இதை வாசிக்கும் கொழும்பு வெள்ளவத்தைத் தாய்க்கு, தன் பிள்ளைக்கு இப்போதே பத்து வயதாகிவிட்டதே, பிந்திவிட்டோமே என்றுதான் தோன்றும். மறுநாளே சதுரங்க வகுப்பு ஒன்றைத் தேடிப் பிடிப்பார். புலமைப்பரிசில் பரீட்சை நெருங்கியதும் முதலில் நிற்பதும் அந்த வகுப்புத்தான்.

பாடசாலைச் சதுரங்க அணி ஒன்றுக்குப் பொறுப்பாசிரியராக இருந்து ஓய்வுபெற்றவன் என்ற உரிமையில் எழுதுகிறேன். பட்டம் எப்படிக் கிடைக்கிறது என்பதை உங்கள் கட்டுரை ஒரு வரியில் தாண்டிப் போய்விட்டது. விஷயமே அங்கேதான் இருக்கிறது. ஆட்டத் திறனை அளக்கும் தரப்புள்ளி 2500ஐத் தொட வேண்டும். அது பாதிதான். நோர்ம் எனப்படும் தகுதியை மூன்று முறை பெற வேண்டும். ஒவ்வொரு நோர்முக்கும், வழமையாக ஒன்பது சுற்றுகள் கொண்ட ஒரு போட்டியில், 2600 புள்ளிக்காரர் ஆடும் தரத்தில் ஆடிக் காட்ட வேண்டும். எதிரே உட்காருபவர்களில் குறைந்தது மூவர் கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். எல்லாரும் சொந்த நாட்டவராக இருந்தாலும் செல்லாது. கொழும்புப் பிள்ளை எவ்வளவு கெட்டிக்காரனாக இருந்தால் என்ன, முன்னால் வந்து உட்கார அந்த மூவர் இல்லையென்றால் நோர்ம் என்ற பேச்சுக்கே இடமில்லை.

இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் விஸ்வநாதன் ஆனந்த் 1988இல் அந்தப் பட்டத்தை எட்டியது கோயம்புத்தூரில் நடந்த சர்வதேசச் சுற்றுப்போட்டியில். குகேஷ் 2019 ஜனவரியில் தன் பட்டத்தைப் பூர்த்தி செய்தது டெல்லியில். பிரக்ஞானந்தா இத்தாலிவரை போக வேண்டியிருந்தது, அதையும் மறைக்க வேண்டியதில்லை. இருந்தாலும் தன் நாட்டிலேயே வலுவான போட்டிகள் இருக்கும் பிள்ளைக்கும், ஒவ்வொரு ஆட்டத்துக்கும் கடல் கடக்க வேண்டிய பிள்ளைக்கும் இடையிலுள்ள தூரம் மூளையால் வந்தது அல்ல.

2023 டிசம்பரில் சென்னையில் நடந்ததை உங்கள் கட்டுரையாளர் தொடவே இல்லை. உலக சம்பியனுக்குச் சவால் விடுபவரைத் தெரிவுசெய்யும் கேண்டிடேட்ஸ் போட்டிக்குள் நுழையக் குகேஷுக்குப் புள்ளிகள் போதாமல் இருந்தன. ஆண்டு முடியச் சில நாட்களே இருக்கையில், தமிழ்நாடு அரசின் ஆதரவுடன் எட்டுப் பேர் ஆடும் ஏழு சுற்றுப் போட்டி அவசர அவசரமாகச் சென்னையில் ஏற்பாடானது. குகேஷ் அதை வென்றார், கேண்டிடேட்ஸுக்குள் நுழைந்தார், 2024 ஏப்ரலில் டொரண்டோவில் அதையும் வென்றார், டிசம்பர் 12ஆம் திகதி சிங்கப்பூரில் அப்போதைய சம்பியன் டிங் லிரெனை 7.5 - 6.5 என்று தோற்கடித்து உலக சம்பியன் ஆனார். கடைசி நேரத்தில் போட்டி வைத்தது முறையா என்று வெளிநாடுகளில் சிலர் முணுமுணுத்தார்கள். விதிக்கு உட்பட்டுத்தான் நடந்தது என்பதால் அந்த முணுமுணுப்பு எனக்குப் பெரிதாகப் படவில்லை. தன் பிள்ளைக்கு ஒரு போட்டி தேவை என்று தெரிந்தவுடன் ஒரு நகரம் மேசை போட்டுக் கொடுத்தது என்பதுதான் எனக்குப் பெரிதாகப் படுகிறது.

குடும்பங்கள் பட்ட பாட்டையும் சொல்லியிருக்கலாம். பிரக்ஞானந்தாவின் தாயார் நாகலட்சுமி, சோறு சமைக்கும் குக்கரைப் பெட்டியில் வைத்துக்கொண்டு நாடு நாடாகப் போனவர். அதே வீட்டில்தான் வைஷாலியும் கிராண்ட்மாஸ்டர் ஆனார், உலகில் இந்தப் பட்டம் பெற்ற முதல் அக்கா தம்பி இவர்கள். குகேஷின் தந்தை, காது மூக்கு தொண்டை மருத்துவர், தொழிலை நிறுத்திவிட்டு மகனுடன் பயணம் போனார். வீட்டுச் செலவு தாயின் சம்பளத்தில் ஓடியது.

பிழைப்பு என்ற கேள்வியும் உண்டு. இந்தியாவில் எண்ணெய் நிறுவனங்கள் சதுரங்க வீரர்களை வேலைக்கு எடுத்துக்கொள்கின்றன. பிரக்ஞானந்தாவைப் பயிற்றுவித்த ஆர்.பி. ரமேஷ் அப்படி இந்தியன் ஓயிலில் வேலை பார்த்த கிராண்ட்மாஸ்டர்தான், பயிற்சி கொடுப்பதற்காக அந்த வேலையை விட்டார். விடுவதற்கு ஒரு வேலை இருந்தது என்பதைக் கவனியுங்கள். கொழும்பு வர்த்தக நிறுவனங்கள் கிரிக்கெட் வீரர்களை வேலைக்கு எடுத்து நிறுவனங்களுக்கிடையிலான மேர்க்கன்டைல் போட்டிகளில் ஆட விடுவது நமக்குப் பழகிய விஷயம். சதுரங்கக்காரனுக்கும் ஒரு நாற்காலி போட எந்த முதலாளி தயார்?

என்னிடம் ஆடிய ஒரு மாணவன் இருந்தான். ஒரு முறை கோட்டையும் காலாளும் மட்டும் மிஞ்சிய ஆட்டத்தில், மற்ற மேசைகள் எல்லாம் முடிந்து மண்டபக் காவலாளி கதிரைகளை அடுக்கத் தொடங்கிய பிறகும், கன்னத்தில் கை வைத்தபடி ஒரு புள்ளி தேடிக்கொண்டிருந்தான். கடைசியில் எடுத்தும்விட்டான். பிறகு வெளிநாட்டு இளையோர் போட்டி ஒன்றுக்குத் தெரிவானான். விமான டிக்கெட், தங்குமிடம், பதிவுக் கட்டணம் அனைத்தையும் குடும்பமே ஏற்க வேண்டும் என்று கடிதம் வந்தது. தகப்பன் புறக்கோட்டையில் கடைச் சிப்பந்தி. அத்தோடு பலகை அலுமாரிக்கு மேலே போனது, சாதாரண தரப் பரீட்சையும் வந்துவிட்டது.

இந்தியா பெரிய நாடு, நம்மால் முடியுமா என்பார்கள். தெற்காசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் இந்தியர் அல்லவே. பங்களாதேஷின் நியாஸ் முர்ஷெட் 1987இல், ஆனந்துக்கு முந்தியே, பட்டம் பெற்றார். அவருக்குப் பின் அங்கே இன்னும் நால்வர் வந்தார்கள். அவர்களில் ஒருவரான ஸியாவுர் ரஹ்மான் 2024 ஜூலையில் டாக்காவில் தேசிய சம்பியன்ஷிப் ஆடிக்கொண்டிருக்கும்போதே பலகைக்கு முன் சரிந்து இறந்தார். பட்டம் பெற்ற பிறகும் ஊரில் உட்கார்ந்து இளையவர்களோடு ஆடிக்கொண்டிருந்த மனிதர். இலங்கைக்கு இன்றுவரை ஒரு கிராண்ட்மாஸ்டர் இல்லை.

இங்கே சர்வதேசப் போட்டியே நடப்பதில்லை என்று சொல்லமாட்டேன். களுத்துறையில் பொதுநலவாயப் போட்டி நடந்திருக்கிறது. நான் கேட்பது வேறு. பத்துப் பேர், ஒன்பது சுற்று, நான்கைந்து இலங்கையர், மிச்சம் வெளிநாட்டவர், அவர்களில் மூன்று கிராண்ட்மாஸ்டர்கள், இரண்டு மூன்று நாடுகளிலிருந்து. ஆண்டுதோறும் தவறாமல் வைக்க வேண்டும். சென்னையிலிருந்து நமது கட்டுநாயக்க விமான நிலையத்துக்கு விமானத்தில் ஒன்றரை மணி நேரம். அங்கே கிராண்ட்மாஸ்டர்களுக்குப் பஞ்சமும் இல்லை. ஒரு ஹோட்டல், ஒரு வங்கி, ஒரு தொலைபேசி நிறுவனம் சேர்ந்தால் முடிகிற காரியம்.

அடுத்த முறை விளையாட்டுத்துறை அதிகாரிகளையோ அனுசரணையாளர்களையோ உங்கள் நிருபர் சந்திக்கும்போது, இந்தப் போட்டி எப்போது என்று கேட்கட்டும், பதிலைத் திகதியோடு பிரசுரியுங்கள். பக்கத்தில் இடமிருந்தால் வாரம் ஓர் ஆட்டத்தின் நகர்த்தல்களையும் போடுங்கள். சிங்கப்பூரில் நடந்த 14ஆவது ஆட்டத்திலிருந்து தொடங்கலாம். சமநிலையில் முடியும் என்று எல்லாரும் எண்ணியிருக்க, 55ஆவது நகர்த்தலில் டிங் லிரென் கோட்டையை எஃப்2 கட்டத்துக்கு எடுத்தார். அதில் என்ன பிழை என்று நீங்கள் விளக்க வேண்டாம், பிள்ளைகள் பலகையில் அடுக்கிக் கண்டுபிடிப்பார்கள்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியர்,
வெள்ளவத்தை, கொழும்பு - 06