சின்ன ஓய்வு

அன்பு மகளுக்கு,

தேர்வுப் போட்டியில் நீ நீந்திய 200 மீட்டர் ஃப்ரீஸ்டைல் காணொளியைத் தம்பி அனுப்பியிருந்தான். முதல் முறை எல்லோரையும்போல் நேரத்தைத்தான் பார்த்தேன். இரண்டாம் முறை உன் கைவீச்சுகளை எண்ணினேன். முதல் 50 மீட்டரில் 35, அடுத்ததில் 37, மூன்றாவதில் 40, கடைசியில் 44. போன ஆண்டு இதே போட்டியில் கடைசி 50 மீட்டரை 38 வீச்சில் முடித்திருந்தாய். நோட்டுப்புத்தகத்தை எடுத்துச் சரிபார்த்துக்கொண்டேன்.

ஆறு வீச்சு கூடியதற்குக் களைப்பு என்று பெயர் வைத்துவிட்டுப் போயிருப்பேன். ஆனால் களைத்தால் இரண்டு கையும் அல்லவா களைக்க வேண்டும்? உன் இடக்கை கடைசி வரை நீளமாகப் போய்த் தண்ணீரைப் பிடித்து இழுத்தது. வலக்கைதான் தோளின் நேரைவிட்டு விலகி அகலமாக விழுந்தது. மேலே எழும்போது அதன் முழங்கை தாழ்ந்திருந்தது. தொடைவரை தள்ளி முடிக்காமல், பாதியிலேயே தண்ணீரைவிட்டு வெளியே வந்துவிட்டது. மூன்றையும் சேர்த்துப் பார்த்ததும் காணொளியை நிறுத்திவிட்டேன். உன் வலத்தோள் வலிக்கிறது. அதுவும் இன்று நேற்று வந்த வலி அல்ல.

தம்பியைக் கேட்டேன். முதலில் மழுப்பினான், பிறகு சொல்லிவிட்டான். அவன்மேல் கோபப்படாதே. காலையில் வலி மாத்திரை, இரவில் ஐஸ் ஒத்தடம், வலப்பக்கம் திரும்பிப் படுக்க முடிவதில்லை, பயிற்சியாளருக்கு எதுவும் தெரியாது. இதெல்லாம் போதாதென்று, "ஓய்வு பெறுகிறேன்" என்று ஓர் அறிக்கையும் எழுதி வைத்திருக்கிறாயாம்.

அந்தச் சொல்லைத்தான் இரண்டு நாளாக நினைத்துக்கொண்டிருக்கிறேன். நம் மொழியில் சற்று இளைப்பாறுவதும் ஓய்வுதான், ஒரேயடியாக விலகிக்கொள்வதும் ஓய்வுதான். ஒன்றை எடுக்கிறோம், மற்றதைப் பெறுகிறோம், அவ்வளவுதான் வேறுபாடு. நீ ஓய்வு எடுத்ததே இல்லை. அதனால்தான் நேரே ஓய்வு பெறப் போகிறாய்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். வாரத்துக்கு 50 கிலோமீட்டர் நீந்துகிறாய். 50 மீட்டர் குளத்தில் அது ஆயிரம் நீளம். நீளத்துக்கு 35 வீச்சு என்று வைத்தால் வாரத்துக்கு 35,000. அதில் பாதி, 17,500 முறை, அந்த ஒரே தோள் சுழல்கிறது. தோள் மூட்டின் அமைப்போ ஆழமில்லாத கிண்ணத்தில் வைத்த பந்து போன்றது. நான்கு சிறு தசைகளும் அவற்றை எலும்போடு பிணைக்கும் நாண்களும்தான் பந்தைக் கிண்ணத்தின் நடுவில் பிடித்து வைக்கின்றன. அந்தத் தசைகள் சோர்ந்துபோனால் பந்து மேலே நகர்கிறது. நாண் எலும்புக்கு அடியில் நசுங்குகிறது. நசுங்கிய நாணை மறுநாளும் 3,000 முறை சுழற்றினால் அது எப்போது ஆறும்? நீ மாத்திரை போட்டு அடக்கியது வலியை மட்டும்தான். நாண் அப்படியேதான் நசுங்கிக்கொண்டிருக்கிறது.

ஊசி போட்டுக்கொள்வதைப் பற்றியும் யாரோ பேச்செடுத்தார்களாம். தோளில் போடுவது ஸ்டீராய்டு ஊசியாக இருந்தால், ஊக்கமருந்து விதிகளின்படி 2022 முதல் போட்டிக்காலத்தில் அது தடை செய்யப்பட்ட ஒன்று, எந்த மூட்டில் போட்டாலும். பயிற்சி நாட்களில் போட்டாலும் மருந்து உடலில் தங்கிப் போட்டி நாளில் காட்டிக்கொடுக்கலாம். அணி மருத்துவரைக் கேட்காமல், எழுத்துப்பூர்வமாக அவர் பதில் தராமல், அந்தப் பேச்சுக்குத் தலையாட்டாதே. இத்தனை ஆண்டுகளாக ஊக்கமருந்துச் சோதனைக்காக, தினமும் எந்த ஒரு மணி நேரம் எங்கே இருப்பாய் என்ற இருப்பிடத் தகவலை நாள் தவறாமல் கொடுத்து வந்தவள் நீ. அந்தப் பெயரை ஓர் ஊசிக்காக இழக்கக் கூடாது.

ஓய்வு எடுத்தால் உன்னை மறந்துவிடுவார்கள், உன் இடத்துக்கு இன்னொருத்தி வந்துவிடுவாள் என்று பயப்படுகிறாய். வரத்தான் செய்வாள். இருந்தாலும் உன் பந்தயத்தையே நீந்திய ஆஸ்திரேலியாவின் அரியார்ன் டிட்மஸை நினைத்துப் பார். 2023 செப்டம்பரில் சினைப்பையிலிருந்த கட்டிகளை அகற்ற அறுவைச் சிகிச்சை செய்துகொண்டார். பாரிஸ் ஒலிம்பிக்குக்கு ஓராண்டுகூட இல்லை. வயிற்றில் கத்தி பட்டவர் உடனே குளத்தில் குதிக்க முடியாது. குளத்தின் சுவரருகே உருண்டு திரும்பும் டர்னுக்கு உடலைச் சுருட்டுவதுகூட வயிற்றுத் தசையின் வேலைதானே. காத்திருந்தார். 2024 ஜூனில் 200 மீட்டரை 1 நிமிடம் 52.23 விநாடியில் நீந்தினார். அது உலக சாதனை. பாரிஸில் 400 மீட்டர் தங்கமும் அவருக்கே. அவரே 2025இல், 25 வயதில், ஓய்வும் பெற்றார். உன் வயதுதான். அதில் ஒரு குறையும் இல்லை. ஆனால் உடம்பைத் தேற்றி, மறுபடி நீந்தி, வென்று, அதன் பிறகு யோசித்து எடுத்த முடிவு அது. வலியில் தூக்கம் கெட்ட ஓர் இரவில் எழுதிய அறிக்கை அல்ல.

ஆஸ்திரேலியாவின் கேம் மெக்கவாய் 2016 ரியோ ஒலிம்பிக்கில் 100 மீட்டரில் வெல்வார் என்று எல்லோரும் நினைத்திருக்க, ஏழாவதாக வந்தார். டோக்கியோ ஒலிம்பிக்குக்குப் பிறகு குளத்தைவிட்டே சில காலம் விலகி இருந்தார். திரும்பி வந்தபோது நீந்தும் தூரத்தை வெகுவாகக் குறைத்து, உடல் வலுவுக்கான பயிற்சியைக் கூட்டினார். 30 வயதில் பாரிஸில் 50 மீட்டர் தங்கம், 21.25 விநாடி. அவருடைய வழி அப்படியே உனக்குப் பொருந்தும் என்று சொல்லமாட்டேன். 50 மீட்டருக்குத் தேவையான உடம்பு வேறு, 200 மீட்டருக்குத் தேவையானது வேறு. தூரத்தைக் குறைத்தால் உன் கடைசி 50 மீட்டர் தாங்காது என்று பயிற்சியாளர் சொல்வார், அது சரிதான். விலகி இருந்த காலம் அவரை அழித்துவிடவில்லை என்பதற்காகச் சொல்கிறேன்.

அமெரிக்காவின் அந்தோணி எர்வின் கதை எனக்கு இவர்களுடையதைவிட நெருக்கமானது. 2000 சிட்னியில், 19 வயதில், 50 மீட்டரில் தங்கத்தைச் சக வீரரோடு பகிர்ந்துகொண்டார். சில ஆண்டுகளில் நீச்சலையே விட்டார். 2004 சுனாமியில் பாதிக்கப்பட்டவர்களுக்காக அந்தப் பதக்கத்தை ஏலத்தில் விற்றுப் பணத்தைக் கொடுத்தார். பிறகு திரும்பி வந்து 2016 ரியோவில், 35 வயதில், அதே பந்தயத்தில் 21.40 விநாடியில் மறுபடி தங்கம். இரண்டாவதாக வந்தவருக்கும் அவருக்கும் இடைவெளி நூறில் ஒரு விநாடி. பதினாறு ஆண்டுகள் இடையே கிடந்தன. நீ தோள் ஆற ஆறு மாதம் விலகி இருக்கப் பயப்படுகிறாய்.

அறிக்கையை வெளியிடாதே என்று நான் கெஞ்சுவதற்கு நடைமுறைக் காரணமும் ஒன்று இருக்கிறது. ஊக்கமருந்துச் சோதனைப் பட்டியலில் இருக்கும் ஒருவர் ஓய்வு பெற்றதாக அறிவித்துவிட்டால், பிறகு மனம் மாறினாலும் உடனே போட்டிக்கு வர முடியாது. ஆறு மாதம் முன்பே எழுதிக் கொடுத்து, அந்தக் காலம் முழுவதும் சோதனைக்கு உட்பட்டிருக்க வேண்டும். காயத்துக்காக விலகி இருப்பவருக்கு அந்தத் தடை இல்லை; தகவலைக் கொடுத்துக்கொண்டே தோளை ஆற்றிக்கொள்ளலாம். முதலில் ஸ்கேன் எடு. என்ன கிழிந்திருக்கிறது, எவ்வளவு கிழிந்திருக்கிறது, கிழியவே இல்லையா என்பது தெரியட்டும். அதன் பிறகும் விலகத் தோன்றினால், நீ விலகும் நாளில் வந்து உன் பக்கத்தில் நிற்பேன். ஒரு வார்த்தை எதிர்த்துப் பேசமாட்டேன்.

இனி எழுதப்போவதுதான் கடினம்.

உனக்குப் பதினான்கு வயது. பெரிய போட்டிக்கு நான்கு நாள் இருந்தது. "அப்பா, தோள் வலிக்கிறது" என்றாய். நான் தொட்டுக்கூடப் பார்க்கவில்லை. "நான்கு நாள்தானே, பல்லைக் கடித்துக்கொள்" என்றேன். நீ நீந்தினாய், வெண்கலமும் வாங்கினாய். மறுநாள் காலையில் தலை வாரக் கையைத் தூக்க முடியாமல் கண்ணாடி முன் நின்றாய். அம்மாதான் வாரிவிட்டாள். பதினொரு நாள் நீ தண்ணீரில் இறங்கவில்லை. வாராவாரம் நம் நோட்டைப் பார்க்கும் அன்றைய பயிற்சியாளர், காயம் என்று தெரிந்தால் உன்னை முகாமுக்கு எடுக்கமாட்டாரோ என்று பயந்து, அந்தப் பக்கத்தில் "காய்ச்சல்" என்று எழுதினேன். நீ என் தோள் மேல் சாய்ந்துகொண்டு, நான் எழுதுவதைப் பார்த்துக்கொண்டிருந்தாய்.

அதற்குப் பிறகு வலிக்கிறது என்று நீ என்னிடம் சொன்னதே இல்லை. அது உன் மன உறுதி என்று நினைத்துப் பெருமைப்பட்டிருக்கிறேன். பார்ப்பவர்களிடமெல்லாம் சொல்லியும் இருக்கிறேன். மறைப்பதற்கு உனக்குக் கற்றுக்கொடுத்தவன் நான்தான், கண்ணு. என்னை மன்னித்துவிடு.

எப்போதிலிருந்து வலிக்கிறது என்று மருத்துவர் கேட்பார். இந்த ஆண்டுதான் என்று சொல்லிவிடாதே. நேற்று அந்தப் பழைய நோட்டைத் தேடி எடுத்து, "காய்ச்சல்" என்பதைக் கோடிட்டு அடித்துவிட்டு, அதன்மேல் "வலத்தோள், 11 நாள்" என்று எழுதியிருக்கிறேன். அந்தத் தாளைக் கிழித்து இதோடு வைக்கிறேன். பயிற்சியாளரிடம் போகும்போது எடுத்துக்கொண்டு போ.

அன்புடன்,
அப்பா